எலி வளை இல்லாத தளம்

மண்மேட்டைத் தோண்டிய ஒருவர் உங்கள் முன்னால் வந்து நின்று, "இதோ, சாலமோன் அரசன் கட்டிய வாசல்" என்று சொன்னால், அவரிடம் ஒரு கேள்வியாவது திருப்பிக் கேட்பீர்களா? கேட்கமாட்டீர்கள். கையைத் தட்டுவீர்கள். பொன்னாடை போர்த்துவீர்கள். பக்கத்தில் நின்று படம் எடுத்துக்கொள்வீர்கள். கனடாவின் மொன்றியலில், 2007ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதத்து ஞாயிற்றுக்கிழமை ஒன்றில், இருநூறு தமிழர்கள் அதைத்தான் செய்தார்கள். கேள்வி கேட்டவள் ஒருத்தி மட்டும். அவள் பெயர் கத்தரின்.

மன்னாரில் பிறந்தவள். 1990இல் படகேறி இராமேஸ்வரத்துக்குப் போய், அடுத்த வருடம் இருபத்துநாலு வயதில் மொன்றியலுக்கு வந்து சேர்ந்தாள். அண்ணன் கிறகரி அவளுக்கு முன்பே வந்து சென்ட் லோரன்ட்டில் ஒரு பண்டகசாலையில் வேலை செய்துகொண்டிருந்தான். அவன் பிடித்துக் கொடுத்த வேலை மருந்துத் தொழிற்சாலையில். கண்ணாடிக் குப்பிகளைப் பார்க்கிற வேலை. எதிரே பாதி கறுப்பு, பாதி வெள்ளைப் பலகை. தலைக்கு மேலே விளக்கு. குப்பியைக் கையில் எடுத்து ஒரு சுழற்றுச் சுழற்றி, கறுப்பில் பார்த்து வெள்ளையில் பார்த்து வைக்க வேண்டும். மயிரளவு கீறல் இருந்தால் ஒருபுறம், நூலளவு தூசு மிதந்தால் மறுபுறம். மூன்று விநாடிக்கு ஒரு குப்பி. நாளுக்கு எட்டு மணித்தியாலம், ஏழு வருடம்.

கண் பழுதாகப் போகிறது என்று எல்லோரும் சொன்னார்கள். கண் பழுதாகவில்லை, கூர்மையானது.

மாலையில் பிரெஞ்சு படித்தாள். பிறகு பல்கலைக்கழகத்தில் மாலை வகுப்புக்குப் பெயர் கொடுத்தாள். வேலை முடிந்து வரும் பஸ்சுக்குத் தோதாக இருந்த வகுப்பு ஒன்றே ஒன்றுதான்: பழைய மேற்காசிய நாடுகளின் தொல்லியல். அவள் வாழ்க்கையைத் திருப்பியது தேவ அழைப்பு என்று பிற்காலத்தில் அவளுடைய கோயில் பங்கின் செய்தித்தாள் எழுதியது. பொய். பஸ் அட்டவணை.

மூன்றாவது வாரம் ஆசிரியர் ஒரு தட்டில் நாற்பது பானை ஓடுகளைக் கொட்டி, வகை பிரிக்கச் சொன்னார். மற்ற மாணவர்கள் ஒரு மணிநேரம் தட்டுத் தடுமாறினார்கள். கத்தரின் ஒவ்வொன்றையும் விளக்குக்கு நேரே பிடித்து ஒரு சுழற்றுச் சுழற்றிப் பதினொரு நிமிடத்தில் பிரித்து வைத்தாள். அதோடு, "இந்த இரண்டும் ஒரே பானை" என்று சொல்லிப் பொருத்தியும் காட்டினாள். ஆசிரியருக்கே அது தெரியாது.

அப்படித்தான் தொடங்கியது. 1997 கோடையில் முதன்முதலாகக் கிண்டப் போனாள். அடுத்த சில வருடங்களில் முதுகலைப் பட்டம். பிறகு முனைவர் பட்டத்துக்குப் பேராசிரியர் ஓக்டனிடம் பதிந்தாள். வேதாகமக் காலத்து நகரம் ஒன்று புதைந்து கிடப்பதாகச் சொல்லப்பட்ட, இஸ்ரேலின் வடக்கில் உள்ள மண்மேடு ஒன்றை ஓக்டன் தோண்டிக்கொண்டிருந்தார். மேட்டின் பெயர் இங்கே வேண்டாம். செலவை ஏற்றது அமெரிக்காவின் தெற்கிலிருந்த ஒரு பக்தர் அறக்கட்டளை. அவர்களுக்கு வேண்டியது சாலமோன். வேறெதுவும் வேண்டாம். அந்த மேட்டின் சரிவில் 1948 வரைக்கும் அரபுக் கிராமம் ஒன்று இருந்தது. அதன் அடுக்கை இரண்டே நாளில் இயந்திரம் வைத்து வழித்துத் தள்ளினார்கள். குறிப்புமில்லை, படமுமில்லை. அரசனைத் தேடிப் போகிறவர்களுக்குக் குடியானவனின் அடுப்பு குப்பை. ஊரைவிட்டு ஓடி வந்த கத்தரின் அந்த இரண்டு நாளும் சாப்பிடாமல் இருந்தாள். ஆனால் வாய் திறக்கவில்லை. அந்த மௌனத்துக்காக அவள் இன்றைக்கும் தன்னை மன்னிக்கவில்லை, மன்னிக்கவும் கூடாது.

மேட்டில் அவளுடைய வேலை ஓடு பார்ப்பது. காலையில் தோண்டுகிறவர்கள் ஒவ்வொரு குழியிலும், ஒவ்வொரு மண்ணடுக்கிலும் கிடைக்கிற ஓடுகளைத் தனித்தனி வாளியில் போட்டு, இலக்கச் சீட்டுக் கட்டி அனுப்புவார்கள். அவை கழுவிக் காய்ந்ததும் பின்னேரம் பாயில் பரப்பி வைக்கப்படும். கத்தரின் குந்தியிருந்து ஒவ்வொன்றாக எடுத்து, எந்தப் பாத்திரம், எந்தக் காலம் என்று சொல்லச் சொல்ல, பக்கத்தில் ஒருவர் எழுதுவார். எழுதும் தாளுக்கு அடியில் கரித்தாள் வைத்து ஒரு மஞ்சள் பிரதி எடுப்பது வழக்கம். வெள்ளைத் தாள் ஓக்டனுக்கு. மஞ்சள் தாள் கத்தரினுக்கு.

2005 யூலையில் வாசல் வெளிப்பட்டது. இரு பக்கமும் காவலறைகள். நடுவில் சுண்ணாம்பு பூசிய தளம், வெடிப்பில்லாமல் பாளமாகக் கிடந்தது. அதைத் தூரிகையால் கூட்டிப் படம் எடுத்தார்கள். மறுநாள் தளத்தை வெட்டி, அதற்குக் கீழே இருந்த மண்ணைக் கிண்டினார்கள். கீழிருந்து வந்தது வாளி 417.

அதில் முப்பத்தொரு ஓடுகள். சிவப்புப் பூச்சுப் பூசிய கிண்ணங்கள். கையால் தேய்த்து மினுக்கிய கிண்ணத்தில் தேய்ப்புக் கோடுகள் கண்டபடி ஓடும். சக்கரத்தில் சுழலவிட்டுத் தேய்த்ததில் வளையம் வளையமாக ஓடும். இரண்டாவது வகை பிந்தியது. 417இல் இருந்தவை வளையம் வளையமாக ஓடின. கத்தரின் மூன்று முறை பார்த்தாள். பிறகு சொன்னாள்: "சாலமோன் காலத்துக்கு எண்பது, நூறு வருடம் பிந்தியது." எழுதுகிறவர் எழுதினார். தளத்துக்குக் கீழே கிடப்பது பிந்தியதென்றால், தளமும் அதன் மேலே நிற்கிற வாசலும் அதைவிடப் பிந்தியவை. இதற்கு முனைவர் பட்டம் தேவையில்லை. மூளை இருந்தால் போதும்.

அடுத்த கோடையில் அங்கே போர் வெடித்ததால் தோண்டுவது இடையில் நின்றது. எல்லோரும் திரும்பி வந்தார்கள். 2007 செப்டெம்பரில், அறிக்கையில் தன்னுடைய அத்தியாயத்தை எழுதுவதற்காகக் கத்தரின் பதிவேட்டைத் திறந்தபோது, வாளி 417க்கு நேரே வேறு மையில் ஒரு வரி இருந்தது: "தென்கிழக்கு மூலையில் தளத்தைத் துளைத்த எலி வளை. ஓடுகள் மேலிருந்து விழுந்தவை. கணக்கில் சேர்க்க வேண்டாம்." ஓக்டனின் கையெழுத்து.

அந்த வரி இல்லாத தன் மஞ்சள் தாளை எடுத்துக்கொண்டு அவருடைய அறைக்குப் போனாள்.

"எலி வளை ஒன்று இருந்தது, கத்தரின். நான் கண்டேன்."

"நான் அந்தக் குழியின் விளிம்பில்தான் நின்றேன். காணவில்லையே."

"நீ பானை பார்க்கிறவள். மண் பார்க்கிறவன் நான்."

"அப்படியென்றால் வளையின் படத்தைக் காட்டுங்கள்."

"எல்லா எலிக்கும் படம் எடுக்க முடியாது" என்று சிரித்தார். பிறகு மேசை இழுப்பறையிலிருந்து ஒரு கடிதத்தை எடுத்து அவள் பக்கம் தள்ளினார். ஆய்வுகூடத்தில் நிரந்தர வேலை, தை மாதத்திலிருந்து. பத்து வருடமாக அவள் அதற்குத்தான் உழைத்தாள். அப்போதும் ஒவ்வொரு சனிக்கிழமையும் குப்பித் தொழிற்சாலைக்குப் போய்க்கொண்டிருந்தாள். கடிதத்தோடு இன்னொரு தாளும் இருந்தது: 417 இல்லாத பானை ஓட்டு அத்தியாயத்துக்கு அவளுடைய ஒப்புதல். கையெழுத்து வைக்கக் கடைசி நாள், ஒக்டோபர் மாதத்தில் ஒரு திங்கட்கிழமை.

அதற்கு முதல் நாள்தான் அந்த ஞாயிற்றுக்கிழமை.

கிறகரி இப்போது பங்கின் திருயாத்திரைக் குழுத் தலைவன். அடுத்த வசந்தத்தில் புனித பூமிக்கு ஆட்களைக் கூட்டிப்போக ஏற்பாடு. வேறு பங்குகளும் போகின்றன. ஆனால் வேறெந்தப் பங்கிலும் "எங்கட பிள்ளை கண்டெடுத்த வாசல்" இல்லை. பூசைக்குப் பிறகு கோயிலின் நிலவறை மண்டபத்தில் பாராட்டு விழா. ஓக்டன் சிறப்பு விருந்தினர். அறக்கட்டளை அச்சிட்ட நாட்காட்டியில் இருந்த வாசல் படத்தை கிறகரி எட்டடி அகலத்துக்குப் பெருப்பித்திருந்தான். சனிக்கிழமை பின்னேரம் அதைச் சுவரில் மாட்டும்போதுதான் கத்தரின் முதன்முதலாகப் பார்த்தாள். படங்கள் எல்லாம் ஓக்டனின் கணினியில் பூட்டிக் கிடந்தவை.

அவள் அதற்கு முன்னால் நெடுநேரம் நின்றாள். கூட்டித் துடைத்த தளம். ஓரத்தில் அளவுகோல். அதன் பக்கத்தில், படமெடுக்கும்போது வைக்கிற சிறு பலகை. அதில் தளத்தின் இலக்கமும் திகதியும். தென்கிழக்கு மூலைக்குக் கிட்டப் போனாள். சுழற்றிப் பார்க்க முடியாது. தலையைச் சரித்துச் சரித்துப் பார்த்தாள். தொழிற்சாலையில் மயிரளவு கீறலைக் கண்டுபிடித்த கண். அங்கே கீறல்கூட இல்லை.

"அண்ணை, அந்த வசனத்தை எடுங்கோ."

"எந்த வசனம்?" கிறகரி ஏணியில் நின்றான்.

"சாலமோன்ர வாசல் எண்டுறது. இது அவற்ற இல்லை."

"பின்னை ஆற்ற? உன்ர கொப்பற்றயோ?"

"என்ர கொப்பர்தான் உங்கட கொப்பரும்."

கீழே ஏணியைப் பிடித்துக்கொண்டு நின்ற கிறகரியின் மனைவி ஜொய்சி சிரித்துவிட்டாள். கர்தெரி என்கிற பிள்ளைகள் காப்பகத்தில் சின்னப் பிள்ளைகளைப் பார்க்கிறவள். இப்படியான சண்டைகள் அவளுக்குப் புதிதல்ல.

"இஞ்சை பார் பிள்ளை" என்று கிறகரி இறங்கி வந்தான். "சனம் உன்ர ஓட்டுச் சாத்திரம் கேக்க வரேல்லை. எங்கட ஆள் ஒண்டு அங்கை போய்க் கிண்டினது எண்டு பெருமைப்பட வருகினம். பத்து நிமிசம் சிரிச்சுக்கொண்டு நில். வாயிலையிருந்து முத்து உதிராது."

"நாளைக்கு நான் கதைச்சால் திங்கட்கிழமை எனக்கு வேலை இல்லை. கதைக்காட்டி எனக்கு ஒண்டுமே இல்லை."

"விசர்க்கதை கதையாதை. ஜொய்சி, நாளைக்கு நீ புரொஃபெஸருக்குப் பக்கத்திலை இருந்து மொழிபெயர்க்கிறாய். ஒரு சொல்லும் விடாமல் சொல்லு. மனுசன் எங்கட மரியாதையைக் காணவேணும்."

மறுநாள் ரோல்ஸும் தேத்தண்ணியும் முடிந்த பிறகு ஓக்டனுக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். தங்கக் கரை போட்ட பச்சை. அவர் கைகூப்பினார், மண்டபம் அதிர்ந்தது. கிறகரி ஒலிவாங்கியைப் பிடித்து, வேதாகமத்தின் ஒவ்வொரு எழுத்தும் உண்மை என்று தன் தங்கச்சி மண்ணைக் கிண்டி நிரூபித்துவிட்டாள் என்று முழங்கினான். பிறகு அவளை அழைத்தான்.

கத்தரின் வணக்கம் சொன்னாள். அடுத்த சொல்: "அண்ணை சொன்னது பிழை."

சிலர் சிரித்தார்கள். தன்னடக்கம் என்று நினைத்துக்கொண்டார்கள்.

"ஒரு கணக்குக் கேக்கிறன்" என்றாள். "இந்த மண்டபத்துச் சீமெந்தை நாளைக்கு உடைக்கிறம் எண்டு வையுங்கோ. கீழை மண்ணுக்குள்ளை, எழுபத்தாறாம் ஆண்டு இஞ்சை நடந்த ஒலிம்பிக் விளையாட்டின்ர படம் போட்ட கோப்பை ஒண்டு உடைஞ்சு கிடக்குது. இந்தத் தளம் ஐம்பதாம் ஆண்டு போட்டது எண்டு ஆராவது சொன்னால் நம்புவியளோ?"

"நம்பமாட்டம்" என்று இரண்டு மூன்று குரல்கள்.

"வாசலின்ர தளத்துக்குக் கீழையும் அப்பிடித்தான். சாலமோனுக்கு நூறு வருசம் பிந்தின கோப்பை கிடந்தது. நான்தான் பார்த்தனான்."

பின் வரிசையிலிருந்து பற்றிக் எழுந்தார். எந்தக் கூட்டத்திலும் பின் வரிசையிலிருந்து எழும்புகிறவர் அவர்தான். "தங்கச்சி, கோப்பையை எலி இழுத்துக்கொண்டு போயிருக்கும்!"

சிரிப்பு கூரையைத் தொட்டது. ஜொய்சி அதையும் ஓக்டனின் காதில் மொழிபெயர்த்தாள். ஓக்டன் சிரிக்கவில்லை.

"நன்றி, பற்றிக் அண்ணை. பேராசிரியரும் அதைத்தான் எழுதினவர். எலி. ஆனால் மேலையிருந்து கீழை போக எலிக்கு ஓட்டை வேணும். இந்தப் படம் தளத்தை வெட்டினதுக்கு முதல் நாள் எடுத்தது. பலகையிலை திகதி கிடக்குது. கிண்டுற ஆக்கள் எல்லாரும் படத்துக்கு முதல் தளத்தைக் கூட்டுவினம், ஒரு சின்னப் பொத்தலும் தெரியவேணும் எண்டு. ஓட்டை தென்கிழக்கு மூலையிலை எண்டு எழுதியிருக்கு. இந்தா, இந்த மூலை. வந்து காட்டுங்கோ."

ஒரு தளத்தைக் கூட்டிப் படமெடுத்துவிட்டு, அதே தளத்தில் பிறகு பேனாவால் ஓட்டை போடுவது வேறு எந்தத் தொழில்காரனும் செய்யக்கூடிய பிழையல்ல. அந்த வரியை எழுதியபோது ஓக்டன் அந்தப் படத்தை மறந்துபோனார். அறக்கட்டளை அதை அச்சடித்தது. ஒரு தமிழன் அதை எட்டடிக்குப் பெருப்பித்துச் சுவரில் மாட்டினான்.

பற்றிக் உண்மையாகவே முன்னுக்கு வந்தார். மூக்குக்கண்ணாடியைப் போட்டார். மூலையை விரலால் தடவினார். "இதிலை ஒண்டையும் காணேல்லைத்தான்" என்று முணுமுணுத்தார். பிறகு, தான் எந்தப் பக்கம் நிற்கிறேன் என்பது நினைவுக்கு வந்ததுபோல நிமிர்ந்தார். "அதுக்கு? ஓட்டை இல்லாட்டிச் சாலமோன் இல்லை எண்டு சொல்லுறியோ?"

"சாலமோன் இருந்தாரோ இல்லையோ எண்டது வேறை கதை. இந்த வாசலை அவர் கட்டேல்லை."

அவ்வளவுதான். மண்டபம் பொங்கியது.

"ரெண்டு எழுத்துப் படிச்சவுடனை திமிர்!"

"விட்டால் மடுமாதாவின்ர சுரூபத்திலையும் ஓட்டை பாப்பாள்!"

"விருந்தாளியைக் கூப்பிட்டு வைச்சு அவமானப்படுத்திறதோ?"

முன் வரிசையிலிருந்த பங்குத்தந்தை எழுந்து, "கத்தரின், போதும் மகள்" என்றார். கிறகரி ஒலிவாங்கியின் வயரைப் பிடுங்கினான். அவள் வெறும் குரலில் தொடர்ந்தாள். "பொய்யிலை நிக்கிற விசுவாசம் உங்களுக்கு வேணுமோ, ஃபாதர்?" அவர் தேத்தண்ணிக் கோப்பைகளை எடுக்கச் சொல்லி யாருக்கோ கைகாட்டினார்.

ஜொய்சி ஒரு சொல்லும் விடாமல் மொழிபெயர்த்துக்கொண்டேயிருந்தாள். ஓக்டன் எழுந்தார். பங்குத்தந்தையிடம் பிரெஞ்சில், இது ஆய்வாளர்களுக்கு இடையிலான சிறு கருத்து வேறுபாடு என்று சொன்னார். பொன்னாடை தோளில் இருக்கிறது என்பதையே மறந்து, அதோடு படியேறிக் கார் நிறுத்துமிடத்துக்குப் போனார்.

"உன்னை ஆர் எல்லாத்தையும் மொழிபெயர்க்கச் சொன்னது?" என்று கிறகரி மனைவியிடம் பாய்ந்தான்.

"நீங்கள்தானே சொன்னியள், ஒரு சொல்லும் விடாதை எண்டு."

அவன் தங்கையின் பக்கம் திரும்பினான். "இனி என்ர வீட்டு வாசற்படி மிதியாதை."

திங்கட்கிழமை காலை மெற்றோவில் போய் இறங்கிப் பல்கலைக்கழகத்துக்கு நடந்தாள். மழை. ஓக்டன் அறையில் இல்லை. தாள் செயலாளரின் மேசையில் இருந்தது. கையெழுத்துப் போட வேண்டிய கோட்டின் மேல் கத்தரின் எழுதினாள்: "வாளி 417 சேர்க்கப்பட்டால் ஒப்பமிடுவேன்." பேனாவை மூடி வைத்துவிட்டு வெளியே வந்தாள்.

டிசெம்பரில், ஆய்வுகூடத்தில் அவளுக்கு இருந்த தற்காலிக ஒப்பந்தம் புதுப்பிக்கப்படாது என்று கடிதம் வந்தது. ஆய்வுகூடக் கதவைத் திறக்கிற திறப்பை வாங்கிக்கொண்டார்கள். அவளுடைய முனைவர் ஆய்வை வழிநடத்த நேரமில்லை என்று ஓக்டன் விலகினார். வேறு யாரும் முன்வரவில்லை. பல்கலைக்கழக ஒழுங்குக் குழுவுக்கு முறையிட்டாள். நான்கு மாதம் கழித்துப் பதில் வந்தது: மண்ணடுக்கை விளக்குவது இயக்குநரின் கல்விச் சுதந்திரம், ஆனால் ஓர் உள் விவகாரத்தைப் பொதுமேடையில் பேசியது கண்டிக்கத்தக்கது. நன்றாகப் படித்துக்கொள்ளுங்கள். இல்லாத ஓட்டையை ஒருவர் போட்டால் அது சுதந்திரம். அந்த ஓட்டையைக் காட்டு என்று ஒருத்தி கேட்டால் அது ஒழுங்கீனம்.

2008இல் முன்னறிக்கை வெளிவந்தது. வாசல் சாலமோனுடையது என்று அட்டையிலேயே போட்டிருந்தார்கள். ஓட்டு அத்தியாயம் இருந்தது. கோடை கோடையாகக் குந்தியிருந்து அந்த ஓடுகளைப் பார்த்தவளின் பெயர் இல்லை. நன்றியுரையில் மட்டும் ஒரு வரி: "அன்பான வரவேற்புக்காக மொன்றியல் தமிழ்ச் சமூகத்துக்கு." அந்த வரியை வெட்டியெடுத்துக் கண்ணாடிச் சட்டம் போட்டு மண்டபத்தில் மாட்டியிருக்கிறார்கள். வசந்தத்தில் முப்பத்தெட்டுப் பேர் போய் அந்த வாசலில் முழந்தாளிட்டுவிட்டும் வந்தார்கள்.

கத்தரின் இப்போது மறுபடியும் முழுநேரமாகக் குப்பித் தொழிற்சாலையில். நாற்பத்திரண்டு வயது. சனிக்கிழமைகளில் ஜொய்சி கிறகரிக்குத் தெரிந்தும் தெரியாமலும் வந்து போகிறாள். பூசைக்குப் போனால் கத்தரின் உட்காருகிற வாங்கில் வேறு யாரும் இருப்பதில்லை. அவள் போவதை நிறுத்தவில்லை. "அவங்களுக்காக நான் ஏன் எழும்பிப் போகவேணும், மச்சாள்? இருக்கட்டும், இடம் தாராளமாக் கிடக்குது" என்று ஜொய்சியிடம் சொல்கிறாள். அவள் அங்கே ஏன் போகிறாள் என்பது அவளுடைய பாடு. ஓடு பார்க்கும்போது அவள் ஆண்டவனையும் பார்க்கவில்லை, அறக்கட்டளையையும் பார்க்கவில்லை. ஓட்டைப் பார்த்தாள். அந்த நேர்மையில் பாதிகூட, கடவுளின் பெயரால் பேசியவர்களிடமும் அறிவியலின் பெயரால் பேசியவர்களிடமும் இருக்கவில்லை.

இறுதித் தொகுதி இன்னும் அச்சாகவில்லை. அடுத்த ஆண்டு வருமாம். அதற்கு வெளியார் ஐந்து பேர் கொண்ட ஒரு பதிப்புக் குழு உண்டு. கத்தரின் தன்னுடைய மஞ்சள் தாளின் பிரதியை அவர்களுக்கு அனுப்பினாள். தனியாள் ஒருவரின் மனக்குறையைக் குழு ஆராய்வதில்லை என்று பதில் வந்தது. தனியாள் என்பதுதான் அவர்களுக்குத் தைரியம்.

ஆகவே, இதைப் படிக்கிற நீங்கள் எழுதுங்கள். முன்னறிக்கை பல்கலைக்கழக நூலகத்தில் இருக்கிறது. இரண்டாம் பக்கத்தில் குழுவின் முகவரி உண்டு. ஆங்கிலத்திலோ பிரெஞ்சிலோ எழுதுங்கள். வராவிட்டால் தமிழில் எழுதுங்கள், மொழிபெயர்த்துக்கொள்ளட்டும். நீளமாக வேண்டாம். வாளி 417இன் முப்பத்தொரு ஓடுகளையும் தொகுதியில் சேருங்கள், அவற்றைப் பார்த்தவளின் பெயரையும் போடுங்கள் என்று கேளுங்கள். கீழே உங்கள் முழுப்பெயரையும் விலாசத்தையும் எழுதுங்கள். இந்தக் கிழமைக்குள் தபாலில் போடுங்கள்.